பிரெஸ்ஸோன் எதை விலக்கினார், அதை எங்கே வைத்தார்?

பிரெஞ்சுத் திரைப்படங்களில் மினிமலிசம், அதாவது குறைத்துக் காட்டும் பாணி, என்று பேசப்படுவது என்ன, நடிப்பவர்கள் ஏன் உணர்ச்சியே இல்லாததுபோல் பேசுகிறார்கள், பார்வையாளர் காத்திருக்கும் நிகழ்ச்சியை ஏன் திரைக்கு வெளியே தள்ளிவிடுகிறார்கள், இது கலைஞர் விரும்பி ஏற்ற கட்டுப்பாடா அல்லது பணம் போதாமையால் வந்ததா என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான ஐயம்தான். வெறுமையாக எடுக்கப்பட்ட படம் ஒவ்வொன்றுக்கும் ஆழம் என்ற பட்டத்தைச் சூட்டும் பழக்கம் விமர்சகர்களிடம் உண்டு.

முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். பிரெஞ்சு சினிமா முழுவதும் சிக்கனமானது அன்று. 1927இல் ஆபெல் கான்ஸ் தம் 'நெப்போலியன்' படத்தின் முடிவுப் பகுதிக்காக மூன்று திரைகளை அருகருகே விரித்தார். ஜெர்மானிய ஆக்கிரமிப்புக் காலத்திலேயே மார்செல் கார்னே பழைய பாரிஸின் தெரு ஒன்றையே அரங்கமாக எழுப்பி, திரளான துணைநடிகர்களுடன் படமெடுத்தார். அடக்கம் என்பது அந்த மரபுக்குள் ஓடும் ஒரு மெல்லிய கிளைதான். அந்தக் கிளையை அடிவேர்வரை கொண்டுசென்றவர் இயக்குநர் ராபர்ட் பிரெஸ்ஸோன். 1943க்கும் 1983க்கும் இடையே அவர் எடுத்த முழுநீளப் படங்கள் பதின்மூன்றே. அவரை வைத்தே விடை சொல்ல முயல்கிறேன். ஏனென்றால் குறைத்தல் என்று நாம் நினைக்கும் செயல் அவர் கையில் பெரும்பாலும் இடமாற்றமாக இருக்கிறது. முகத்திலிருந்து எடுத்ததைக் கையில் வைப்பார். படிமத்திலிருந்து எடுத்ததை ஒலியில் வைப்பார். நடிப்பவரிடமிருந்து எடுத்ததைப் பார்ப்பவரிடம் ஒப்படைப்பார். எங்கே கொண்டுபோய் வைத்தார் என்று தேடாமல் எதை நீக்கினார் என்று மட்டும் கணக்கெடுப்பவருக்கு அவருடைய படங்கள் வறண்டவையாகவே தெரியும்.

பிரெஸ்ஸோன் ஓவியராகத் தொடங்கியவர். இரண்டாம் உலகப் போரின் தொடக்கத்தில் ஜெர்மானியரிடம் போர்க்கைதியாக இருந்தார். அவருடைய முதலிரண்டு படங்களில் தொழில்முறை நடிகர்கள் இருக்கிறார்கள், பின்னணி இசை இருக்கிறது, நேர்த்தியான ஒளியமைப்பும் இருக்கிறது. இரண்டாவது படம் 1945இல் வந்த 'புலோன் வனத்துச் சீமாட்டிகள்'. பதினெட்டாம் நூற்றாண்டின் தித்ரோ எழுதிய ஒரு கதையைச் சமகாலப் பாரிஸுக்கு அது கொண்டுவந்தது; வசனம் எழுதியவர் ழான் காக்தோ; முதன்மைப் பாத்திரத்தில் நாடக மேடையின் பெரும் ஆற்றலான மரியா கசாரஸ். அந்தப் படத்தில் ஒரு காரின் கண்ணாடித் துடைப்பான் எழுப்பும் ஓசை, பழைய உரைநடை மேல் விழும்போது என்ன நேர்கிறது என்பதை விமர்சகர் ஆந்த்ரே பஸான் வியந்து குறித்திருக்கிறார். கசாரஸின் நடிப்பு இன்றும் சிலிர்க்க வைக்கிறது. ஆனாலும் பிரெஸ்ஸோன் அதற்குப் பிறகு தேர்ந்த நடிகர்களின் பக்கம் போகவில்லை. அந்த நடிப்பு குறையுடையது என்பது காரணமன்று. அது தன்னளவிலேயே நிறைவடைந்துவிடுகிறது என்பதே காரணம். ஒரு முகம் எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிட்டால் அடுத்து வரும் ஷாட்டுக்கு வேலை இல்லாமல் போகிறது.

1951இல் வந்த 'கிராமத்துப் பாதிரியின் நாட்குறிப்பு' இந்தத் திருப்பத்தின் முதல் பெரும் சான்று. ஜார்ஜ் பெர்னானோஸ் 1936இல் வெளியிட்ட நாவல் அது. பிரெஸ்ஸோனுக்கு முன்பே ழான் ஒரான்ஷும் பியேர் போஸ்ட்டும் அதற்குத் திரைக்கதை எழுதி, நாவலாசிரியரால் மறுக்கப்பட்டிருந்தார்கள். நாவலில் படமாக்க முடியாத பகுதிக்கு ஈடாக வேறொரு காட்சியைப் புதிதாகக் கற்பனை செய்து வைக்கலாம் என்பது அவர்களுடைய கொள்கை. பின்னாளில் இயக்குநரான இளம் விமர்சகர் த்ரூஃபோ 1954இல் அந்தக் கொள்கையைக் கடுமையாகச் சாடி எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில் இந்த நிராகரிக்கப்பட்ட திரைக்கதையும் சான்றாக வந்தது. பிரெஸ்ஸோன் ஈடு எதையும் தேடவில்லை. நாவலிலிருந்து வெட்டினார், வெட்டிய பின் மிஞ்சியதை எழுத்து மாறாமல் வைத்துக்கொள்ள முயன்றார்.

சிக்கனம் என்றால் ஒருமுறை சொன்னதை மறுமுறை சொல்லாமை என்று கருதுபவர்களை இந்தப் படம் திகைக்க வைக்கும். பாதிரியின் கை நாட்குறிப்பில் ஒரு வாக்கியத்தை எழுதுவது தெரிகிறது. அதே வாக்கியம் அவருடைய குரலில் கேட்கிறது. அடுத்து அதே செயல் கண்முன் நடக்கிறது. ஒரே செய்தி மும்முறை வருகிறது. ஆனால் மூன்றும் ஒன்றோடொன்று முழுமையாகப் பொருந்துவதில்லை. எழுத்தில் அமைதியாக இருப்பது குரலில் சற்றே களைத்திருக்கிறது, செயலில் தடுமாறுகிறது. அந்தச் சிறு பிசகில்தான் நோயுற்ற, இளம் வயதுப் பாதிரியின் துன்பம் முழுவதும் இருக்கிறது. முடிவில் அவருடைய சாவு காட்டப்படுவதில்லை. உடனிருந்த நண்பர் எழுதிய கடிதம் வாசிக்கப்படுகிறது, வெளிறிய திரையில் ஒரு சிலுவையின் வடிவம் மட்டும் நிற்கிறது, குரல் தொடர்கிறது. சுருங்கச் சொல்லி விளங்க வைத்தல் என்று நம் இலக்கணம் ஓர் அழகைக் குறிப்பிடுகிறதே, அந்த அழகோடு மட்டும் இதை அடக்கிவிட முடியாது. இங்கே சொல்லப்படும் பொருள் வாயை மாற்றிக்கொண்டே போகிறது.

பிரெஸ்ஸோனின் முறையை முழுமையாகப் புரிந்துகொள்ள 1956இல் வந்த 'மரண தண்டனைக் கைதி ஒருவன் தப்பிவிட்டான்' என்ற படத்தைவிடத் தெளிவான பாடம் வேறில்லை. லியோன் நகரத்து மோன்லுக் சிறையிலிருந்து 1943இல் தப்பிய, ஜெர்மானிய ஆக்கிரமிப்பை எதிர்த்த இயக்கத்தின் வீரர் ஆந்த்ரே தெவிஞியின் உண்மை வரலாறு அது. தெவிஞியே படத்தின் ஆலோசகராக இருந்தார். இது உண்மைக் கதை, அலங்காரமின்றி உள்ளபடியே தருகிறேன் என்ற பொருளில் பிரெஸ்ஸோன் கையொப்பமிட்ட குறிப்பு தொடக்கத்தில் வருகிறது. முதன்மைப் பாத்திரமான ஃபோந்தேனாக வருபவர் ஃபிரான்சுவா லெத்தெரியே என்ற தத்துவ மாணவர்.

தலைப்பைக் கவனியுங்கள். தப்பிவிட்டான் என்று படம் தொடங்கும் முன்பே சொல்லிவிடுகிறார். தப்புவானா மாட்டானா என்ற பதற்றத்தைத்தான் இத்தகைய கதையின் முதல் மூலதனமாக வேறு எவரும் கருதியிருப்பார்கள். அதைத் துறந்ததும் பார்வையாளரின் கவனம் எப்படி என்ற கேள்விக்கு மட்டும் வந்து சேர்கிறது. இரும்புக் கரண்டியின் காம்பைச் சிமெண்டுத் தரையில் தேய்த்து உளியாக்குகிறான். கதவுப் பலகைகளுக்கு இடையிலுள்ள மென்மையான மரத்தை நாள்கணக்கில் சுரண்டுகிறான். உதிரும் தூளைக் கூட்டி எடுக்கிறான். கட்டிலின் கம்பியையும் கிழித்த துணியையும் முறுக்கிக் கயிறாக்குகிறான். விளக்குச் சட்டத்தை வளைத்துக் கொக்கி செய்கிறான். இந்த வேலைகளைக் கேமரா ஒரு தச்சனின் பட்டறையைப் பார்ப்பதுபோல் பார்க்கிறது. ஃபோந்தேனின் முகம் நமக்கு ஏறத்தாழ எதையும் தருவதில்லை. ஆனால் அந்தக் கைகளின் பொறுமையைக் கண்ட பிறகு அவனுடைய உள்ளத்தைப் பற்றி நமக்குத் தெரியாதது ஒன்றுமில்லை.

முதல் காட்சியே ஒரு பிரகடனம் போன்றது. கைதியை ஏற்றிச் செல்லும் காரில் ஃபோந்தேனின் கை கதவுக் கைப்பிடியை நோக்கி மெல்ல நகர்கிறது, பின்வாங்குகிறது, மறுபடி நகர்கிறது. கார் வேகம் குறைந்த ஒரு கணத்தில் அவன் குதித்து ஓடுகிறான். கேமரா அவனோடு ஓடவில்லை. காருக்குள்ளேயே, காலியான இருக்கையின் பக்கமாக நிற்கிறது. வெளியே கூச்சலும் துப்பாக்கிச் சத்தமும் கேட்கின்றன. சற்று நேரத்தில் அவனைப் பிடித்துவந்து அதே இருக்கையில் திணிக்கிறார்கள். துரத்தலைப் படமாக்கத் தெரியாதவரின் தயக்கம் என்று இதை எவராலும் சொல்ல முடியாது. ஓடுபவனோடு நாமும் ஓடியிருந்தால் தப்பிக்கும் கிளர்ச்சி கிடைத்திருக்கும்; காருக்குள் இருத்தப்பட்டதால் பிடிபடுவதன் நிச்சயம் கிடைக்கிறது. சிறை என்பது என்ன என்று படம் நமக்கு உணர்த்திவிடுகிறது, சிறைக்குள் நுழைவதற்கு முன்பே.

சிறைக்குள் காவலர்களின் முகங்கள் அரிதாகவே தெரிகின்றன. படிக்கட்டின் இரும்புக் கம்பிகளில் சாவியை உரசிக்கொண்டு போகும் ஓசை, பூட்ஸ் ஓசை, மொழிபெயர்க்கப்படாத ஜெர்மன் கட்டளைகள் ஆகியவற்றால் மட்டுமே அதிகாரம் இருப்புக் கொள்கிறது. சக கைதியான ஓர்சினி தப்ப முயன்று தோற்று, சுட்டுக் கொல்லப்படுவதும் அறைக்குள் வந்து சேரும் வெடியோசையாகவே நமக்குத் தெரியவருகிறது. இறுதி இரவில் கூரையின் சரளைக்கற்கள் காலடியில் நெரிபடும் ஓசை வெளியே கேட்காமல் இருக்க, ஃபோந்தேனும் அவனோடு தப்பும் அறைத்தோழனும் அருகே ரயில் கடந்து செல்லும் ஒவ்வொரு முறையும் காத்திருந்து அடியெடுத்து வைக்கிறார்கள். சுற்றுச்சுவருக்குள் ஏதோ ஒன்று கிறீச்சிடுகிறது. என்னவென்று விளங்காமல் நெடுநேரம் தவித்த பின்னரே அது ரோந்துக் காவலனின் சைக்கிள் என்று தெரிகிறது. பார்த்தபிறகு அச்சம் குறைந்துவிடுகிறது. ஒலி படிமத்தின் இடத்தை எடுத்துக்கொள்ள முடியுமானால் படிமத்தை நீக்கிவிட வேண்டும் என்ற கருத்தை அவர் 1975இல் வெளியிட்ட குறிப்புகளின் நூலில் எழுதியிருக்கிறார். கண் மேற்பரப்பிலேயே நின்றுவிடும், காது உள்ளே போகும் என்ற நம்பிக்கை அதன் அடியில் இருக்கிறது. அந்த நம்பிக்கையை மெய்ப்பிக்க அந்தச் சைக்கிள் ஒன்றே போதும்.

ஒரு காவலனைக் கொல்ல வேண்டிய இடமும் அந்த இரவில் வருகிறது. ஃபோந்தேன் சுவர் முனையைத் திரும்பிச் செல்கிறான். கேமரா சுவரிடம் நின்றுவிடுகிறது. அவன் திரும்பி வருகிறான். அவ்வளவே. கொலையை மறைத்ததற்கு நாகரிகம் காரணம் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு வேறொன்று தோன்றுகிறது. அதற்குமுன் சுவரில் சாய்ந்து நிற்கும் ஃபோந்தேனின் மூச்சையும் அவனுடைய நெஞ்சின் தயக்கத்தையும் வெகுநேரம் காட்டியிருக்கிறார். ஒரு மனிதன் இன்னொருவனைக் கொல்லத் துணியும் கணமே அவருக்கு நிகழ்ச்சி. கொலை அதன் பின்விளைவு. எது முக்கியம் என்பதில் நமக்கும் அவருக்கும் உள்ள கருத்து வேறுபாட்டைத்தான் நாம் அடிக்கடி 'முக்கியமானதைக் காட்டவில்லை' என்று சொல்கிறோம்.

இப்போது அந்த உணர்ச்சியற்ற நடிப்பு பற்றி. தம் படங்களில் தோன்றுபவர்களை நடிகர்கள் என்று சொல்ல பிரெஸ்ஸோன் மறுத்தார். ஓவியர்முன் அமர்பவரைக் குறிக்கும் சொல்லால் 'மாதிரிகள்' என்று அழைத்தார். பெரும்பாலோர் முன்பின் கேமராவைக் காணாதவர்கள். ஒரே வரியை, ஒரே அசைவைப் பல பத்து முறை திரும்பத் திரும்பச் செய்யவைப்பார். தொடக்கத்தில் அவர்கள் நடிக்க முயல்வார்கள், பிறகு சலிப்பார்கள், அதற்கும் பிறகு சொல்லும் அசைவும் பழக்கமாகி, தாம் எப்படித் தோன்றுகிறோம் என்ற நினைவே அற்றுப்போகும். நாம் கதவைச் சாத்துவதும் சட்டைப் பொத்தானைப் போடுவதும் எண்ணிப் பார்த்துச் செய்பவை அல்ல. அத்தகைய செயல்களில்தான் மனிதன் மறைக்க மறந்த உண்மை வெளிப்படுகிறது என்று அவர் கருதினார். அவர் தேடியது உணர்ச்சியின்மை அன்று. உணர்ச்சியைக் காட்டும் முயற்சி இல்லாமை. நாடகத்தைப் படம்பிடிப்பதைச் சினிமா என்றும், அசையும் படிமங்களாலும் ஒலிகளாலும் எழுதுவதைச் 'சினிமாட்டோகிராஃப்' என்றும் அவர் பிரித்துப் பேசியதன் வேர் இதுவே.

தட்டையான முகம் தனித்து நின்றால் தட்டையாகவே இருக்கும் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். பிரெஸ்ஸோனைப் பார்த்து நகலெடுத்த எத்தனையோ படங்கள் இந்த இடத்தில்தான் சறுக்கின. முகத்தை வெறுமையாக்கினார்கள், அந்த வெறுமையை நிரப்பவேண்டிய அடுத்த ஷாட்டை, ஒலியை, கால அளவை அமைக்கவில்லை. பிரெஸ்ஸோனிடம் ஒரு ஷாட் தனக்கென்று பொருள் கொள்வதே இல்லை. வண்ணம் பக்கத்து வண்ணத்தால் மாறும் என்பது ஓவியருக்குத் தெரிந்த பாலபாடம். அதைத்தான் அவர் படத்தொகுப்புக்குக் கொண்டுவந்தார். பெரும்பாலும் 50 மி.மீ. லென்ஸ் ஒன்றையே பயன்படுத்தியதும் இதனோடு சேர்ந்தது. மனிதக் கண்ணின் பார்வைக்கு நெருங்கியதாகக் கருதப்படும் லென்ஸ் அது. கோணமும் தொலைவும் துருத்திக்கொண்டு தெரியாதபோதுதான் இரண்டு ஷாட்டுகளுக்கு இடையிலான உறவு தெரியவரும்.

இந்தத் தர்க்கத்தின் எல்லையில் நிற்பது 1966இல் வந்த 'பால்தஸார்'. அதன் நாயகன் ஒரு கழுதை. கழுதைக்கு நடிக்கத் தெரியாது. தன் துன்பத்தை நமக்கு விளக்கிக்காட்டவும் தெரியாது. கை மாறி, அடிபட்டு, சுமை இழுத்து, கடைசியில் மலைச்சரிவில் ஆட்டுமந்தை நடுவே மணியோசை சூழ அது படுத்துச் சாகும்போது கண்கலங்காதவர்களை நான் மிகக் குறைவாகவே பார்த்திருக்கிறேன். ஷூபர்ட்டின் பியானோ சொனாட்டா ஒன்றிலிருந்து எடுத்த மெல்லிய பகுதி படத்தில் ஆங்காங்கே வருகிறது. அடுத்த ஆண்டு வந்த 'மூஷெத்' இன்னும் கடுமையானது. வறுமையிலும் வன்முறையிலும் நசுங்கிய சிறுமி, தனக்குத் தரப்பட்ட வெள்ளை ஆடையைச் சுற்றிக்கொண்டு குளத்தங்கரைச் சரிவில் உருள்கிறாள். முதல் முறை தடைபடுகிறது. தொலைவில் போகும் டிராக்டர்காரரைப் பார்த்துக் கையுயர்த்துகிறாள்; அவர் போய்விடுகிறார். இரண்டாம் முறையும் கரையிலேயே நிற்கிறாள். மூன்றாம் முறை தண்ணீரில் ஏதோ விழும் ஓசை கேட்கிறது. திரையில் அலைவளையங்கள் மட்டும். பிறகு மான்டெவெர்தியின் இசை. விளையாட்டுபோல் மும்முறை உருண்டதால்தான் அந்த ஓசை தாங்க முடியாததாகிறது.

இசையைப் பற்றி இன்னும் ஒரு சொல். காட்சிக்கு உணர்ச்சியூட்டும் பின்னணி இசையைப் படிப்படியாகக் கைவிட்டவர் அவர். சிறைப் படத்தில் மொசார்ட்டின் சி மைனர் வழிபாட்டு இசை எங்கே ஒலிக்கிறது என்று பாருங்கள்: வீரச்செயல்களின்போது அன்று, கைதிகள் முற்றத்துக்கு வரிசையாகச் சென்று மலவாளிகளைக் கொட்டும்போது. அந்தச் சில கணங்களில்தான் அவர்கள் ஒருவரோடொருவர் முணுமுணுத்துப் பேச முடியும். மாதா கோயிலின் இசையை அந்த வரிசைக்குச் சூட்டியதைவிடப் பெரிய மரியாதையை ஒரு திரைக்கலைஞர் கைதிகளுக்குச் செய்துவிட முடியாது.

பணத்தைப் பற்றிய கேள்விக்கு வருகிறேன். ஒரே அசைவைப் பல பத்து முறை படமாக்குவது படச்சுருளையும் நாள்களையும் விழுங்கும் முறை. மலிவான முறை அன்று. புகழ்பெற்ற நட்சத்திரம் இல்லை, கிளர்ச்சியூட்டும் காட்சி இல்லை என்ற நிலையில் முதலீடு செய்பவரைக் கண்டுபிடிப்பதும் எளிதாக இருக்கவில்லை. நாற்பது ஆண்டுகளில் பதின்மூன்று படங்கள் என்ற கணக்கு அதையும் சேர்த்துத்தான் சொல்கிறது. குறைந்த செலவையே கலைவழியாக மாற்றிக்கொண்டவர் என்று வேண்டுமானால் இயக்குநர் எரிக் ரோமரைச் சொல்லலாம். 1986இல் வெனிஸில் தங்கச் சிங்கம் பெற்ற 'பச்சைக் கதிர்' படத்தை அவர் 16 மி.மீ. படச்சுருளில், மிகச் சிறிய குழுவுடன் எடுத்தார். ஆனால் ரோமரின் மனிதர்கள் ஓயாமல் பேசுபவர்கள். அவருடைய அடக்கம் கேமராவில் இருக்கிறது, பேச்சில் இல்லை. ழான்-பியேர் மெல்வில் மறுகோடி. 1967இல் வந்த 'சாமுராய்' படத்தில் ஏறத்தாழ முதல் பத்து நிமிடங்களுக்கு எவரும் பேசுவதில்லை. அந்த மௌனம் அழகானது, ஆனால் தன் அழகைத் தானே அறிந்த மௌனம். பிரெஸ்ஸோனிடம் அந்தத் தன்னுணர்வு கிடையாது என்பதால் அவரை ஒரு படி மேலே வைக்கிறேன். மெல்வில் ரசிகர்கள் இதை ஒப்பமாட்டார்கள்.

பிரெஸ்ஸோனின் கட்டுப்பாட்டைக் கத்தோலிக்கத் துறவு மனப்பான்மையோடு இணைத்து விளக்குவது நெடுநாள் வழக்கம். சமயம் அவருடைய படங்களில் ஆழமாக இருப்பது உண்மை. எனினும் கடைசிப் படமான 'பணம்' அந்த விளக்கத்துக்கு எளிதில் அடங்குவதில்லை. தல்ஸ்தோயின் குறுநாவலைத் தழுவிய அந்தப் படம் 1983இல் வந்தது. ஒரு கள்ளநோட்டு கைமாறிக் கைமாறி, ஒன்றும் அறியாத எண்ணெய் வண்டித் தொழிலாளி ஒருவனைக் கொலைகாரனாக்குகிறது. இறுதிக் கொலைகள் நடக்கும் வீட்டில் கேமரா பெரும்பாலும் நாயின் பின்னால் போகிறது. அது அறைக்கு அறை ஓலமிட்டுக்கொண்டு ஓடுகிறது. பிறகு அவன் ஓர் உணவகத்தில் காவலர்களிடம் சரணடைகிறான். அவனை வெளியே அழைத்துச் செல்லும்போது கதவருகே கூடிய கூட்டம் உள்ளே எட்டிப் பார்க்கிறது. அவன் கடந்து போன பின்பும் அவர்கள் அவன் பக்கம் திரும்பவில்லை. காலியான உள்ளறையையே பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள். படம் அங்கே முடிகிறது. மீட்பு உண்டா இல்லையா என்று எந்தச் சமயக் குறிப்பும் அங்கே உதவிக்கு வருவதில்லை.

எதிலிருந்து தொடங்கலாம் என்றால், சிறைப் படத்திலிருந்து தொடங்குங்கள். 'பணம்' முதலில் வேண்டாம். அதன் குளிர் தொடக்கக்காரரை விரட்டிவிடும். சிறைப் படத்தை ஒருமுறை முழுமையாகப் பார்த்த பின், இறுதி அரைமணி நேரத்தை மட்டும் மறுபடி ஓடவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். ரயில் எப்போது வருகிறது, சரளை எப்போது நெரிகிறது, சைக்கிள் எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை வைத்தே அவர்கள் இருவரும் சுவரின் எந்த இடத்தில் இருக்கிறார்கள் என்று உங்களால் சொல்லிவிட முடியும்.